யாருக்கு ஜுரம்?

ஆவடிப் பக்கத்துப் பருத்திப்பட்டில் ஒருவர் கையில் பிரெட் பாக்கெட்டோடு தெருவில் நடந்தால், எதிரே வருகிறவர் கேட்கிற முதல் கேள்வி "யாருக்கு ஜுரம்?" என்பதுதான். பருத்திப்பட்டு என்றில்லை, தமிழ்நாட்டில் பெரும்பாலான ஊர்களில் இதே வழக்கம்தான். இட்லி இறங்காத வாய்க்குப் பாலில் தோய்த்த ரொட்டி. ஆஸ்பத்திரியில் படுத்திருப்பவரைப் பார்க்கப் போனால் ஒரு பாக்கெட் பிரெட், ஒரு பாட்டில் ஹார்லிக்ஸ், அரை டஜன் சாத்துக்குடி. நோய்க்கும் ரொட்டிக்கும் இப்படியொரு பந்தம் ஏற்பட்டுவிட்ட ஊரில், கருங்கல் தூண் மாதிரி இருக்கிற ஒரு மனிதர் வாரம் தவறாமல் வீட்டில் ரொட்டி சுட ஆரம்பித்தால் அக்கம்பக்கம் என்ன நினைக்கும்?

அந்த மனிதரை நம்மவர் என்றே வைத்துக்கொள்வோம். பெயரைப் போட்டால் இந்தக் கட்டுரையாளருக்கு வீட்டில் சோறு கிடைக்காது. இதிலிருந்தே புரிந்துகொள்கிறவர்கள் புரிந்துகொள்ளலாம்.

அம்பத்தூர் தொழிற்பேட்டையில் ஒரு கம்பெனியில் முப்பத்திரண்டு வருடம் கணக்கு எழுதிவிட்டு ஓய்வு பெற்றவர் அவர். பிரிவுபசார விருந்தை ஒரு பெரிய ஹோட்டலில் வைத்தார்கள். உட்கார்ந்ததுமே வெள்ளைத் துணி போர்த்திய சின்னக் கூடை ஒன்று வந்தது. துணியை விலக்கினால், உள்ளங்கையில் அடங்குகிற அளவில் பழுப்பு உருண்டைகள். ஒன்றைப் பிட்டார். ஆவி வந்தது. வெண்ணெயைத் தடவலாம் என்று எடுப்பதற்குள் அது தானே உருகி உள்ளே போய்விட்டது. நான்கு தின்று முடித்த பிறகுதான், இது சாப்பாடு அல்ல, சாப்பாடு வருகிறவரைக்கும் சும்மா கொறிக்கத் தருவது என்று தெரிந்தது. முப்பத்திரண்டு வருட உழைப்புக்காகக் கம்பெனி போட்ட மட்டன் பிரியாணி வந்தபோது வயிற்றில் இடமில்லை. போர்த்திய பொன்னாடையைப் பற்றியோ வாசித்தளித்த பாராட்டு மடலைப் பற்றியோ அவர் இன்றுவரை யாரிடமும் பேசியதில்லை. "அந்த பன்னு இருக்கே..." என்றுதான் ஆரம்பிப்பார்.

அந்த பன்னுக்கு டின்னர் ரோல் என்று பெயர். டின்னருக்கும் அதற்கும் உள்ள உறவு, கல்யாணப் பந்திக்கும் அப்பளத்துக்கும் உள்ள உறவுதான். அது வயிற்றை நிரப்ப வந்ததல்ல. ஆனால் வைக்கவில்லை என்றால் சண்டை வரும். இந்த வகையில் மிகவும் பேர்பெற்றது அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் 1855இல் தொடங்கிய பார்க்கர் ஹவுஸ் ஹோட்டலின் ரோல். 1870களில் அங்கே பிறந்தது. மாவை வட்டமாகத் தட்டி, வெண்ணெய் பூசி, இரண்டாக மடித்துச் சுடுவார்கள். வியட்நாமின் ஹோ சி மின் இளம் வயதில் அந்த ஹோட்டலின் பேக்கரியில் வேலை பார்த்தார் என்று அவர்கள் பெருமையாகச் சொல்லிக்கொள்கிறார்கள். பின்னாளில் மால்கம் எக்ஸ் அங்கே எச்சில் தட்டு எடுத்திருக்கிறார். நம்மவர் இதையெல்லாம் படித்துவிட்டு வந்து, "புரட்சிக்காரங்க ரெண்டு பேர் அந்தச் சமையலறைப் பக்கமிருந்துதான் கிளம்பியிருக்காங்க, தெரியுமா?" என்றார்.

"நீங்க இப்போ கிளம்பி கறிவேப்பிலை வாங்கிட்டு வாங்க" என்றார் அவர் மனைவி.

ரோல் எப்படி இருக்க வேண்டும் என்பதில் நம்மவருக்குக் குழப்பமே இல்லை. தமிழில் மென்மைக்கு ஒரே அளவுகோல்தான் உண்டு: பஞ்சு மாதிரி. இட்லி என்றாலும் அதுதான், மெத்தை என்றாலும் அதுதான். பேரிலேயே பருத்தியை வைத்துக்கொண்டிருக்கிற ஊரில் இருந்துகொண்டு ஒரு பன்னைப் பஞ்சாக்க முடியாதா என்பது அவர் வாதம். கூடவே பட்டும் இருக்கிறதே என்றார். சேத்துப்பட்டு, செங்கல்பட்டு மாதிரி அது ஊர்ப்பெயருக்கு வால். பட்டுப்புழுவுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. அவருக்கு அதைச் சொல்லிப் புரியவைக்க முடியவில்லை. இதில் அவர் மறந்துபோனது ஒன்று உண்டு. ஆவடிப் பக்கத்துக்கு நாடறிந்த இன்னொரு பேரும் இருக்கிறது. 1961இல் தொடங்கிய கனரக வாகனத் தொழிற்சாலை அங்கேதான் இருக்கிறது. விஜயந்தாவும் அர்ஜுனும் அங்கிருந்து வந்த டாங்கிகள். முதல் தடவை சுட்டது பருத்தி வழிக்குப் போகவில்லை, டாங்கி வழிக்குப் போனது.

அதைச் சொல்வதற்கு முன் அடுப்பைப் பற்றிச் சொல்ல வேண்டும். மகள் கல்யாண நாளுக்கு வாங்கித்தந்த ஓ.டி.ஜி. அது. அவன், டோஸ்டர், கிரில் மூன்றும் ஒரே பெட்டியில். இரண்டு வருடமாக அந்தப் பெட்டி இருந்த இடம் சமையல் மேடைதான் என்றாலும் பார்த்த உத்தியோகம் அலமாரி. எறும்பு ஏறாது, கதவு இறுக்கமாக மூடும். ஆகவே உள்ளே அப்பளக்கட்டு, வடகம், ஒரு டப்பா ஓமப்பொடி. செய்முறையில் முதல் வரி "அவனைப் பத்து நிமிடம் முன்கூட்டியே சூடாக்கவும்" என்றிருந்தது. நம்மவர் சொன்னபடி செய்கிறவர். கதவைத் திறந்து பார்க்கச் சொல்லி அதில் எழுதியிருக்கவில்லை. ஆறாவது நிமிடம் வீடு முழுக்க ஒரு வாசனை வந்தது. ஆக, அந்த அடுப்பு முதன்முதலில் சுட்டது அப்பளம். நன்றாகவே சுட்டிருந்தது. ஓமப்பொடி டப்பாவின் மூடி மட்டும் ஓவியர் டாலி வரைந்த கடிகாரம் மாதிரி தொங்கிக்கொண்டிருந்தது.

ஈஸ்ட் வாங்கப் போனது தனிக்கதை. ஆவடி மார்க்கெட்டில் முதல் கடையில் ஆப்ப சோடா கொடுத்தார்கள். இரண்டாவது கடையில் பேக்கிங் பவுடர். மூன்றாவது கடைக்காரர், "2020 லாக்டவுன்ல இதுக்கு அடிச்சிக்கிட்டாங்க சார், அப்புறம் கேக்கவே ஆள் இல்ல" என்று சொல்லிக்கொண்டே ஒரு சின்னப் பொட்டலத்தை எடுத்துக் கொடுத்தார். அவர் சொன்னது வாஸ்தவம். ஊரடங்கில் உலகம் முழுக்க மக்கள் ரொட்டி சுட உட்கார்ந்துவிட்டதில், ஈஸ்டுக்குத் தட்டுப்பாடே வந்தது.

சோடாவுக்கும் ஈஸ்டுக்கும் வித்தியாசம் பெரியது. சோடா ஒரு உப்பு. புளிப்பைக் கண்டால் பொங்கி அடங்கிவிடும். ஈஸ்ட் உயிருள்ளது. ஒற்றை செல் பூஞ்சை. மாவிலுள்ள சர்க்கரையைத் தின்று கரியமில வாயுவை விடும், கூடவே கொஞ்சம் சாராயத்தையும் தரும். வாயு மாவை உப்ப வைக்கும். சாராயம் அடுப்புச் சூட்டில் பெரும்பாலும் பறந்துவிடும். பீர் காய்ச்சுவதும் இதே இனம்தான். இலங்கைத் தமிழர்கள் இதற்கு வைத்திருக்கிற பெயர் மதுவம். இவ்வளவு பொருத்தமான கலைச்சொல் நமக்கு அடிக்கடி வாய்ப்பதில்லை என்று நம்மவர் சிலாகித்தார். மனைவியின் காதில் விழுந்தது முதல் இரண்டு எழுத்துதான். அந்தப் பொட்டலம் மூன்று நாள் பால்கனியில் இருந்தது.

இலங்கையைச் சொன்னதால் இன்னொன்றையும் சொல்லிவிடலாம். ரொட்டிக்குப் போர்ச்சுக்கீசிய மொழியில் என்ன சொல்லோ, அதுதான் அங்கே பாண் ஆனது, கோவாவிலும் மும்பையிலும் பாவ் ஆனது. கோவாவில் ஈஸ்டுக்குப் பதிலாகக் கள்ளை ஊற்றி மாவைப் புளிக்க வைத்திருக்கிறார்கள். இலங்கையில் பேக்கரிக்கு வெதுப்பகம் என்றே பலகை வைத்த காலமும் ஊர்களும் உண்டு. பாணும் பணிஸும் ஏற்றிய முச்சக்கர வண்டி, பீத்தோவனின் ஒரு பியானோ மெட்டை ஒலிக்கவிட்டபடி தெருத்தெருவாக வரும். மெட்டு காதில் விழுந்ததும் வீடுகளிலிருந்து ஆட்கள் வெளியே வருவார்கள். அங்கே பாண் வாங்குகிறவரைப் பார்த்து யாருக்கு ஜுரம் என்று எவரும் கேட்பதில்லை. அது அன்றாடச் சாப்பாடு. நமக்கு மயிலாப்பூர் சாந்தோமில் 16ஆம் நூற்றாண்டிலேயே போர்ச்சுக்கீசியர்கள் வந்து குடியேறியும், ரொட்டி டீக்கடை வரைக்கும்தான் வந்தது. அடுப்படிக்குள் நுழையவில்லை.

சரி, முதல் தடவைக்கு வருவோம். பாலை "வெதுவெதுப்பாக" எடுத்துக்கொள்ள வேண்டும் என்றது செய்முறை. எத்தனை டிகிரி என்று பார்க்க வெப்பமானி இல்லை. நம்மவரின் அம்மாவுக்கு எண்பத்தொரு வயது. "கை பொறுக்குற சூடுதானே, நான் பாத்துச் சொல்றேன்" என்று ஒரு விரலை உள்ளே விட்டார். ஐந்து விநாடி வைத்திருந்தார். "போதும், ஊத்து" என்றார்.

அவர் கை எப்படிப்பட்ட கை என்பதை யோசித்திருக்க வேண்டும். இடுக்கி கிடைக்காவிட்டால் கொதிக்கிற பால் பாத்திரத்தை வெறும் விரல் நுனியால் இறக்கி வைக்கிற கை. அடுப்பில் இருக்கும் கல்லிலிருந்து தோசையைக் கையாலேயே திருப்புகிற கை. அந்தக் கைக்குப் பொறுக்கிற சூடு ஈஸ்டுக்குப் பொறுக்காது. 35 டிகிரியில் குஷியாக வேலை செய்கிற ஈஸ்ட், 55ஐத் தாண்டினால் சாக ஆரம்பிக்கும். 60இல் ஒன்றும் மிஞ்சாது. அன்றைக்கு அந்தப் பாத்திரத்தில் கோடிக்கணக்கான உயிர்கள் பொறுக்கிற சூட்டில் உயிர்விட்டன. மாவு மூன்று மணி நேரம் மூடி போட்டிருந்தும் போட்டபடியே கிடந்தது. வைத்த மாவை வீணாக்கக் கூடாது என்பது அந்த வீட்டுச் சட்டம். ஆகவே சுட்டார்கள்.

வந்த பதினாறில் ஒன்றை நம்மவர் மேடையில் வைத்தபோது டொக் என்று சத்தம் கேட்டது. ஏரிக்கரையில் காலை நடைக்கு வருகிற சுபேதார் ஒருவர் உண்டு. பருத்திப்பட்டு ஏரியைச் சுற்றி 2019இல் பசுமைப் பூங்கா திறந்த நாளிலிருந்து ஒரு நாள்கூடத் தவறாதவர். ராணுவ மெஸ்ஸில் இருபது வருடம் சூப்பும் ரோலும் சாப்பிட்டவர் என்பதால் அபிப்பிராயம் கேட்டு நம்மவர் ஒன்றைக் கொண்டுபோய்க் கொடுத்தார். அவர் கையில் வாங்கி எடை பார்த்தார். திருப்பிப் பார்த்தார். "இதை ஃபேக்டரி கேட்ல குடுத்துப் பாருங்க சார், எடுத்துப்பாங்க" என்றார்.

இரண்டாவது தடவை மே மாதம். கத்திரி வெயில். இந்த முறை பாலை நன்றாக ஆற வைத்தார், ஈஸ்ட் உயிரோடு இருந்தது, மாவு அழகாகத் திரண்டது. "கதகதப்பான இடத்தில் ஒன்றரை மணி நேரம் வைக்கவும்" என்றது செய்முறை. இதை எழுதியவர் பனி பெய்கிற ஊர்க்காரர் என்பது நம்மவருக்கு உறைக்கவில்லை. கதகதப்பான இடத்தைத் தேடி அவர் வீட்டைச் சுற்றிவந்தார். மே மாதத்து ஆவடியில் கதகதப்பில்லாத இடம் ஏதாவது இருக்கிறதா என்று தேடியிருந்தால் அது நியாயம். கடைசியில் மொட்டை மாடிப் படிக்கட்டில் தண்ணீர் டேங்குக்குப் பக்கத்தில் கொண்டுபோய் வைத்துவிட்டு, ஒரு குட்டித் தூக்கம் போட்டார். எழுந்து போய்ப் பார்த்தபோது மாவு பாத்திரத்தை விட்டு வெளியேறி, இரண்டு படி இறங்கியிருந்தது. சாராயக்கடை வாசல் மாதிரி ஒரு நெடி. பாத்திரத்தில் மிஞ்சியதைத் தொட்டதும் பொசுக்கென்று அமுங்கிப்போனது.

அம்மா பார்த்தார். "புளிச்சு வழிஞ்சிருக்குடா. இட்லி மாவை இப்படி மாடிப்படியில வைப்பேனா நான்?" என்றார்.

நம்மவர் அசந்து நின்ற இடம் இதுதான். ஏழெட்டு மாதமாக எந்தெந்த நாட்டு வீடியோக்களிலோ அவர் தேடிக்கொண்டிருந்த பாடத்தை, எண்பத்தொரு வயது அம்மா அறுபது வருடமாக அதே வீட்டு அடுப்படியில் நடத்திக்கொண்டிருந்திருக்கிறார். மார்கழியில் இட்லி மாவை ராத்திரி முழுக்க விடுவார், மேலே ஒரு துண்டு போர்த்துவார். கோடையில் ஐஸ் தண்ணீர் விட்டு அரைத்து, நாலைந்து மணி நேரத்தில் ஃபிரிட்ஜில் ஏற்றிவிடுவார். இட்லி மாவைப் பொங்க வைப்பது பெரும்பாலும் ஈஸ்ட் அல்ல. லியூகோநாஸ்டாக் என்கிற பாக்டீரியா, உளுந்திலேயே இருப்பது. ஆனால் வெயிலுக்கு எந்த நுண்ணுயிரும் ஒரே மாதிரிதான் ஆடும். பேக்கரிக்காரர்கள் பிசைந்த மாவு 24 முதல் 27 டிகிரிக்குள் இருக்க வேண்டும் என்பார்கள். சென்னைக் கோடையில் அதற்கு ஒரே வழி, பாலை ஃபிரிட்ஜிலிருந்து எடுத்து ஜில்லென்றே ஊற்றுவது. எந்த அயல்நாட்டுச் செய்முறையும் இதைச் சொல்லவில்லை. அம்மா கேட்ட ஒரே கேள்வி, "இந்த வெயில்ல பாலை எதுக்குடா சுட வைக்கிற?" முதல் தடவை விரல் விட்டவரே அவர்தான் என்பதை யாரும் நினைவூட்டவில்லை.

பாலைப் பற்றி ஒரு வார்த்தை. பழைய மேல்நாட்டுக் குறிப்புகளில் பாலை ஒரு தரம் பொங்கும் அளவுக்குக் காய்ச்சி ஆறவைத்துச் சேர்க்கச் சொல்வார்கள். காய்ச்சாத பாலிலுள்ள ஒரு வகைப் புரதம் ரொட்டியை எழும்ப விடாது என்பது காரணம். நம் வீடுகளில் இந்தப் பிரச்சினை பிறக்கவே வாய்ப்பில்லை. புது வீட்டுக்குக் குடிபோனாலே முதல் காரியம் பால் காய்ச்சுவதுதான்.

அடுத்தது பிசைவது. மைதாவில் தண்ணீர் பட்டதும் இரண்டு புரதங்கள் கைகோத்து குளூட்டன் என்கிற வலை உண்டாகிறது. ஈஸ்ட் விடுகிற வாயுவை அந்த வலைதான் பிடித்து வைக்கிறது. வலை சரியாகப் பின்னப்படாவிட்டால் காற்று ஓடிவிடும், ரொட்டி உட்கார்ந்துவிடும். மேல்நாட்டில் ரொட்டிக்கென்றே 12, 13 சதவீதம் புரதமுள்ள மாவு விற்கிறார்கள். நம் மளிகைக்கடை மைதாவில் 10 சதவீதம் இருந்தால் பெரிது. அதனால்தான் தனக்குச் சரியாக வரவில்லை என்று நம்மவர் பரோட்டாக் கடையில் பார்சலுக்குக் காத்திருந்தபோது அலுத்துக்கொண்டார். மாஸ்டர் விருதுநகர்ப் பக்கத்துக்காரர். கல்லிலிருந்து கண்ணை எடுக்காமலே, "என்ன மாவு சார்?" என்றார். நம்மவர் பேரைச் சொன்னார். "அதேதான் இதுவும்" என்று ஓர் உருண்டையை எடுத்து எண்ணெய் தடவிய கல்மேடையில் அடித்தார். இரண்டு வீச்சு. மாவு மேசைத்துணி அகலத்துக்கு விரிந்தது. அதற்குப் பின்னால் இருந்த டியூப்லைட் தெரிந்தது.

வெளிநாட்டு ரொட்டிக்காரர்கள் இதை ஜன்னல் சோதனை என்பார்கள். மாவில் ஒரு துண்டைக் கிள்ளி விரல்களால் மெல்ல இழுத்தால், கிழியாமல் மறுபக்கம் வெளிச்சம் தெரிய வேண்டும். அங்கே ரெண்டு அங்குல ஜன்னலுக்கே கைதட்டுகிறார்கள். நம் மாஸ்டர் ராத்திரி ஏழு மணியிலிருந்து பதினொன்று வரை கதவு சைஸில் திறந்துகொண்டிருக்கிறார், யாரும் ஏறிட்டுப் பார்ப்பதில்லை.

"எவ்ளோ நேரம் பிசையுறீங்க?" என்று கேட்டார் மாஸ்டர்.

"அஞ்சு நிமிஷம்."

"பத்தலை சார். கை வலிக்க ஆரம்பிச்சப்புறம் ஒரு அஞ்சு நிமிஷம். அப்புறம் மூடி வச்சிருங்க, ஊறணும். ஊறாத மாவு முறைச்சுக்கும்."

முறைச்சுக்கும் என்பதைவிட அந்த நிலையை எந்தப் பாடப்புத்தகமும் நன்றாகச் சொல்லிவிட முடியாது. பிசைந்த கையோடு உருட்டினால் மாவு சுருங்கிச் சுருங்கிப் போகும், அதைத்தான் சொல்கிறார். நம்மவர் பார்சலோடு அந்தச் சொல்லையும் வாங்கிக்கொண்டு வந்தார்.

மென்மைக்குக் கடைசித் தந்திரம் கிழக்காசியாவிலிருந்து வந்தது. மாவில் ஒரு சின்னப் பங்கை ஐந்து மடங்கு தண்ணீரிலோ பாலிலோ கரைத்து, அடுப்பில் கிளறிக் கூழாக்கி, ஆறவைத்து மீதி மாவோடு சேர்ப்பது. 65 டிகிரி வாக்கில் மாவுச்சத்து வெந்து நிறைய ஈரத்தைக் குடித்துக்கொள்ளும். அந்த ஈரம் ரொட்டிக்குள்ளேயே தங்கிவிடுவதால் மறுநாளும் காய்ந்துபோகாது. தைவானைச் சேர்ந்த இவோன் சென் 2007இல் எழுதிய புத்தகத்தால் இந்த முறை உலகமெங்கும் பரவியது. தாங்ஜோங் என்று பெயர். நம்மவர் பயபக்தியோடு கிளறிக்கொண்டிருந்தார். வெள்ளையாக, பளபளப்பாக, கரண்டியில் ஒட்டிக்கொண்டு வந்தது.

மனைவி எட்டிப் பார்த்தார். "என்னங்க, போஸ்டர் ஒட்டப் போறீங்களா?"

பசையேதான். தமிழ்நாட்டின் சுவர்களில் அரை நூற்றாண்டுக்கும் மேலாகக் கட்சிகளையும் சினிமாவையும் கண்ணீர் அஞ்சலிகளையும் தாங்கிப் பிடித்துக்கொண்டிருக்கிற அதே மைதாப் பசை. புத்தகம் பைண்டிங் செய்கிறவர்கள் பூச்சி அரிக்காமலிருக்க அதில் மயில்துத்தம் சேர்ப்பார்கள். ரொட்டிக்கு அதை மட்டும் விட்டுவிட வேண்டும். ருசியைப் பொறுத்தவரை நம்மூர் மாடுகளுக்கு எப்போதோ தெரியும். சுவரிலிருந்து போஸ்டரை உரித்து அவை ஆற அமர மெல்லுவது தலைவர்களின் முகத்துக்காக அல்ல, பின்பக்கத்துக்காக.

இப்படியாகப் பஞ்சுக்கு வேண்டியதெல்லாம் சேர்ந்துவிட்டது. அடுத்த தடவைக்கான கணக்கை, கணக்கெழுதிய கை என்பதால், நம்மவர் பழைய டைரியில் குறித்து வைத்திருக்கிறார். மைதா 500 கிராம். அதில் 25 கிராமை எடுத்து 125 மில்லி தண்ணீரில் பசை. காய்ச்சிக் குளிரவைத்த பால் 200 மில்லி. சர்க்கரை 50 கிராம், வெண்ணெய் 50 கிராம், உப்பு 8, இன்ஸ்டன்ட் ஈஸ்ட் 7. வெண்ணெயை மாவு திரண்ட பிறகு கடைசியில் சேர்க்க வேண்டும். முதலிலேயே போட்டால் குளூட்டன் வலை பின்ன நேரமாகும். கை வலித்த பிறகு ஐந்து நிமிடம். இரண்டு மடங்காகும் வரை மூடி வைத்து, காற்றைத் தட்டி, பதினாறு உருண்டை. தட்டில் ஒன்றையொன்று ஏறக்குறைய தொடுகிற மாதிரி அடுக்க வேண்டும். தள்ளித்தள்ளி வைத்தால் நாலு பக்கமும் ஓடு கட்டிவிடும். நெருங்கி உட்கார்ந்தால் பக்கங்கள் வேகும்போது ஒன்றோடொன்று ஒட்டி, பிய்க்கும்போது நூல் நூலாக வரும். ஷேர் ஆட்டோவில் போனவர்களுக்கு இந்த அடுக்குமுறையை விளக்க வேண்டியதில்லை. மறுபடி உப்பியதும் மேலே பால் தடவி 180 டிகிரியில் இருபது நிமிடம்.

எட்டாவது நிமிடம் கரண்ட் போனது.

வீட்டு இன்வெர்ட்டர் நாலு ஃபேனையும் லைட்டையும் தாங்கும்; 1,600 வாட் அடுப்பைப் போட்டால் படுத்துவிடும். உள்ளே பதினாறு உருண்டைகள் வெளுத்த முகத்தோடு பாதி வெந்து நிற்கின்றன. நம்மவர் ஜன்னலுக்கு வெளியே பார்த்துப் பக்கத்துத் தெருவில் கரண்ட் இருக்கிறதா என்று ஆராய்ந்துகொண்டிருந்தபோது, மனைவி பெரிய குக்கரை எடுத்து அடியில் ஒரு அங்குலம் கல்லுப்பைக் கொட்டி, கேஸ்கட்டையும் வெயிட்டையும் கழற்றிவிட்டு அடுப்பில் ஏற்றினார். ஓ.டி.ஜி. வருவதற்கு முன்னால் தமிழ்நாட்டு வீடுகளில் கேக் செய்தது இப்படித்தான். இரண்டு ஈடாக வைத்து எடுத்தார். அடிப்பக்கம் கொஞ்சம் கறுத்தது, மேல் பழுக்கவில்லை. ஆனால் வெந்திருந்தது. சுடச்சுட வெண்ணெய் தடவி, ஹோட்டலில் பார்த்த ஞாபகத்தில் மேலே ஒரு வெள்ளைத் துண்டைப் போட்டு மூடினார்கள். அந்தத் துண்டு அலங்காரத்துக்கு அல்ல. வெளியேறப் பார்க்கிற ஆவியைத் திருப்பி மேல்தோலுக்கே அனுப்பி அதை மெத்தென்று ஆக்குகிறது. பத்து நிமிடம் கழித்து அம்மா ஒன்றை விரலால் அமுக்கினார். அமுங்கிய இடம் மெல்ல எழும்பி வந்தது.

"பஞ்சாட்டம் இருக்குடா" என்றார்.

மறுவாரம் கரண்ட் இருந்தது. மேல்பக்கமும் பழுத்தது.

மனைவியின் எதிர்ப்பு அதோடு மின்சாரக் கணக்குக்கு மாறியது. ஒரு ஈடு சுட ஒரு யூனிட்டுக்குச் சற்றுக் குறைவாக ஆகிறது. இரண்டு மாதத்துக்குக் குறிப்பிட்ட யூனிட் வரை இலவசம், சரி. ஆனால் 500ஐத் தாண்டினால் முன்னால் ஓடிய யூனிட்டுகளுக்கும் சேர்த்துக் கட்டணம் ஏறும். கோடையில் ஏசி போடுகிற வீட்டில் அந்த 500 ஒரு லட்சுமணக் கோடு. டீக்கடையில் ரெண்டு பன் வாங்கித் தின்றால் தீர்ந்தது என்றார். நம்மவர் 2016ஐ எடுத்துவிட்டார். அந்த வருடம் டெல்லியின் அறிவியல் மற்றும் சுற்றுச்சூழல் மையம் அங்கே விற்கிற ரொட்டி, பன், பாவ் வகைகளைச் சோதித்து, மாவைப் பதப்படுத்தப் போடுகிற பொட்டாசியம் புரோமேட் போன்றவை பெரும்பாலான மாதிரிகளில் இருந்ததாக அறிவித்தது. அடுத்த மாதமே உணவுப் பாதுகாப்பு ஆணையம் புரோமேட்டுக்குத் தடை போட்டது. "தடை போட்டு இத்தனை வருஷம் ஆச்சே, அப்புறம் என்ன?" என்றார் மனைவி. அந்த விவாதம் அங்கேயே நிற்கிறது.

ரோல் நன்றாக வர ஆரம்பித்ததும் நாலு வீட்டுக்குக் கொடுத்தனுப்பும் வழக்கம் வந்தது. சுபேதார் பிட்டு மூக்கருகே வைத்துப் பார்த்துவிட்டு, "இப்பதான் சார் மெஸ்" என்றார். எதிர்வீட்டுப் பையன் உள்ளே ஜாம் தடவி டிபன் பாக்ஸில் கொண்டுபோனான். வியாபாரமாகவே செய்யலாமே என்றார்கள் சிலர். அதற்கும் வழி இருக்கிறது: சின்ன அளவில் விற்கிற வீட்டுத் தொழிலுக்கு உணவுப் பாதுகாப்புப் பதிவு செய்துகொண்டால் போதும். நம்மவர் கணக்குப் புத்தகத்தை எடுத்தார். வெறும் பன்னுக்கு ஜி.எஸ்.டி. இல்லை, உள்ளே கிரீம் வைத்தால் 18 சதவீதம் என்று கோவையின் ஸ்ரீ அன்னபூர்ணா ஹோட்டல் அதிபர் 2024 செப்டம்பரில் நிதியமைச்சரிடமே எடுத்துச் சொன்னதும், பன்னையும் கிரீமையும் தனித்தனியாகக் கொடுங்கள், நாங்களே வைத்துக்கொள்கிறோம் என்று வாடிக்கையாளர்கள் கேட்பதாக அவர் சொன்னதில் நாடே சிரித்ததும் ஞாபகம் வந்தது. புத்தகத்தை மூடிவிட்டார். முப்பத்திரண்டு வருடம் பார்த்த வரிக் கணக்கு போதும் என்கிறார்.

ஒரே ஒரு சிக்கல் மட்டும் தீரவில்லை. தெருமுனை வீட்டு அக்காவுக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆறு ரோல் போனது. துணியை விலக்கிப் பார்த்தவர் முகம் மாறியது. கொண்டுபோன நம்மவரை மேலும் கீழும் பார்த்தார். "வீட்டுல யாருக்குண்ணே உடம்பு சரியில்ல?" என்றார். ஒருவருக்கும் ஒன்றுமில்லை என்று இவர் சிரித்துக்கொண்டே வந்துவிட்டார். சாயந்திரம் அந்த அக்கா, கணவரையும் கூட்டிக்கொண்டு, ஒரு பை சாத்துக்குடியோடு வந்து அம்மாவின் கட்டில் பக்கத்தில் அரை மணி நேரம் உட்கார்ந்திருந்துவிட்டுப் போனார்.

ஆகையால் பருத்திப்பட்டுப் பக்கம் வருகிறவர்கள் ஞாயிற்றுக்கிழமை மாலை ஆறு மணிக்கு மேல் வரலாம். ரோல் சூடாக இருக்கும், வெண்ணெயும் உண்டு. சாத்துக்குடி வேண்டாம். வீட்டில் எல்லோரும் சௌக்கியம்.